சொந்தப் பாவு போட்ட நடிகர்

திரைப்பட நடிகர் ஒருவருடைய வாழ்க்கைக்கும், நூல், பாவு, விளைச்சல், பங்குத் தொகை என்று பேசும் இப்பத்திரிகைக்கும் என்ன தொடர்பு என்று நேயர்கள் வினவக் கூடும். நியாயமான வினாவே. சங்கங்களின் பற்று வரவுப் புத்தகங்களைப் புரட்டுவதே பணியாகக் கொண்ட நாம், இவருடைய வரலாற்றையும் அதே கண்ணோடுதான் படிக்கத் தொடங்கினோம். படித்து முடித்தபோது, கூலிக்கு நெய்கிற ஒருவர் தமக்கென்று ஒரு பாவு போட முயன்றால் என்னென்ன நேருமோ, அத்தனையும் இவர் வாழ்வில் நேர்ந்திருக்கக் கண்டோம். ஆகவே அதனை இங்கு எழுதத் துணிந்தோம்.

அவர் பெயர் ஜான் காஸவெட்டீஸ். அமெரிக்க நாட்டு நடிகர். படங்களை இயக்கியவரும் ஆவார். அந்நாட்டில் முதலாளிகளின் கையை எதிர்பாராமல் தனித்து நின்று படம் எடுப்போர், இன்றளவும் தம் முன்னோடி என்று இவரையே சுட்டுகின்றனர்.

கூலிக்கு நடித்த காலம்

1929 டிசம்பர் 9 ஆம் தேதி நியூயார்க் நகரில், கிரேக்கக் குடும்பத்தில் பிறந்தார். குழந்தைப் பருவத்தில் சில ஆண்டுகள் கிரேக்க நாட்டில் வாழ்ந்து, ஏழு வயதளவில் அமெரிக்கா திரும்பியபோது அவருக்கு ஆங்கிலம் பேசத் தெரியாது. அத்தகையவர் பின்னாளில் அம்மொழியில் நடித்தே பிழைத்தார் என்பது வியப்பிற்குரியது. நியூயார்க்கிலுள்ள நாடகக் கலைக் கல்லூரியொன்றில் பயின்று 1950 இல் வெளிவந்தார். தொலைக்காட்சி நாடகங்கள் நேரடியாக ஒளிபரப்பப்பட்ட காலம் அது. அந்நாடகங்களில் இடைவிடாது நடித்துப் பெயர் பெற்றார். 1954 இல் ஜீனா ரோலண்ட்ஸ் என்னும் நடிகையை மணந்தார். இவ்வம்மையார் அவருக்கு மனைவி மட்டுமல்லர். தொழிலில் சரிபாதிப் பங்காளியும் ஆனார்.

1957 இல் வெளிவந்த 'எட்ஜ் ஆஃப் தி சிட்டி' என்ற படத்தில், சிட்னி பாய்ட்டியருடன் சரக்கேற்றும் தொழிலாளியாக நடித்தார். அப்படம் அவரைப் பலரும் அறியச் செய்தது. நல்ல சம்பளம் வந்தது. மேன்மேலும் வர வாய்ப்பும் இருந்தது. ஆனால் ஹாலிவுட்டின் ஏற்பாட்டை நேயர்கள் அறிய வேண்டும். அங்கே கதையைத் தேர்வதும், படத்தை வெட்டிச் சேர்ப்பதும், ஊர் ஊராக அனுப்புவதும் பெரிய கம்பெனிகளின் உரிமை. கொட்டகைகளைக் கம்பெனிகள் தம் கையில் வைத்திருப்பது முறையன்று என்று 1948 இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. எனினும் படங்களை விநியோகிக்கும் வழி பெரும்பாலும் அக்கம்பெனிகளிடமே நின்றது. நடிகர் எவ்வளவு புகழ் பெற்றாலும் கூலி பெறுபவரே. துணி அவருடையதன்று.

வானொலியில் விடுத்த வேண்டுகோள்

காஸவெட்டீஸ் அக்காலத்தில் நியூயார்க்கில் இளம் நடிகர்களுக்கு ஒரு பயிற்சிக் கூடம் நடத்தி வந்தார். அங்கே, கறுப்பினத்தைச் சேர்ந்த உடன்பிறப்புகள் மூவரைப் பற்றி ஒரு காட்சியை எழுத்தின்றி நடித்துப் பார்த்தனர். இதனையே படமாக எடுத்தால் என்ன என்ற எண்ணம் அவருக்கு உண்டாயிற்று.

1957 இல், ஜீன் ஷெப்பர்டு என்பவர் நள்ளிரவில் நடத்தி வந்த வானொலி நிகழ்ச்சிக்குத் தம் படமொன்றை விளம்பரம் செய்யச் சென்ற காஸவெட்டீஸ், பேச்சுவாக்கில் தம் எண்ணத்தை வெளியிட்டார். மக்களைப் பற்றிய படம் வேண்டுமென்று மக்கள் விரும்பினால், அவர்களே ஆளுக்குக் கொஞ்சம் பணம் அனுப்பட்டும் என்ற கருத்துப்படக் கூறினார். எவரும் பொருட்படுத்தமாட்டார் என்றே தோன்றியிருக்கும். ஆனால் ஒரு டாலரும் இரண்டு டாலருமாகப் பணம் வரத் தொடங்கிற்று. ஏறத்தாழ 2,000 டாலர் சேர்ந்தது.

படத்திற்குப் 'ஷேடோஸ்', அதாவது 'நிழல்கள்' என்று பெயர். சிறிய 16 மில்லிமீட்டர் படச்சுருளில், நியூயார்க் வீதிகளிலும் அறைகளிலும் எடுத்தனர். 1958 இல் அதனைத் திரையிட்டபோது ஜோனாஸ் மேக்காஸ் என்ற விமரிசகர் மனமாரப் போற்றினார். ஆனால் காஸவெட்டீஸுக்கு மனம் நிறையவில்லை. மாந்தரின் மனம் படத்தில் புலப்படவில்லை என்று கருதினார். 1959 இல் பல காட்சிகளைப் புதிதாக எடுத்து, படத்தை மறுபடி கோத்தார். பிசகு கண்ட துணியை, வாங்க ஆளிருந்தும் விற்காமல் பிரித்து நெய்தது போன்றது இச்செயல். முதற்படத்தைப் போற்றிய அதே மேக்காஸ் இரண்டாவதைக் கண்டித்து எழுதினார்! எனினும் 1960 இல் வெனிஸ் திரைப்பட விழாவில் விமரிசகர் பரிசு இரண்டாவதற்கே கிடைத்தது. மொத்தச் செலவு சுமார் 40,000 டாலர். கடனை அடைக்க, 'ஜானி ஸ்டாக்காட்டோ' என்ற தொலைக்காட்சித் தொடரில் துப்பறிவாளராக நடித்துச் சம்பாதித்தார்.

இங்கேதான் அவருடைய வாழ்க்கை முறை உருவாயிற்று. பகலில் கூலிப் பாவு நெய்து, அக்கூலியில் நூல் வாங்கி, இரவில் சொந்தப் பாவு போடுபவரை நாம் கண்டிருக்கிறோம். காஸவெட்டீஸ் அதனையே முப்பதாண்டுகள் செய்தார்.

முதலாளியின் கத்தரிக்கோல்

'நிழல்கள்' பெற்ற புகழால் பெரிய கம்பெனிகள் அவரை இயக்குநராக அழைத்தன. 1961 இல் பாராமவுண்ட் கம்பெனிக்கு ஒரு படம் எடுத்தார். 1963 இல் வெளிவந்த 'எ சைல்ட் இஸ் வெயிட்டிங்', மூளை வளர்ச்சி குன்றிய குழந்தைகளின் பள்ளியைப் பற்றியது. அதனை வெட்டிச் சேர்க்கும் பொறுப்பைப் படத் தயாரிப்பாளர் ஸ்டான்லி கிராமர் தம் கையில் எடுத்துக்கொண்டார். அக்குழந்தைகளைப் பற்றித் தாம் சொல்ல வந்தது மாறிப்போய்விட்டதென்று காஸவெட்டீஸ் கடுஞ்சினம் கொண்டார். அச்சச்சரவிற்குப் பிறகு கம்பெனிகளில் அவருக்கு இயக்குநர் வேலை அரிதாயிற்று.

1965 இல் தம் வீட்டிலும் மாமியார் வீட்டிலுமாக 'ஃபேசஸ்' (முகங்கள்) என்ற படத்தைத் தொடங்கினார். மணவாழ்வு கசந்துபோன ஒரு கணவன் மனைவியின் கதை. படப்பிடிப்பு ஏறத்தாழ ஆறு திங்கள் நடந்தது. நடித்தவரும் விளக்குப் பிடித்தவரும் கூலி பெறவில்லை. லாபம் வந்தால் பங்கு என்பதே உடன்பாடு. ஒருவரே நடிக்கவும் செய்வார், ஒலிக் கருவியைத் தூக்கவும் செய்வார். எடுத்த படச்சுருள் மலைபோல் குவிந்ததால் வெட்டிச் சேர்க்க மட்டும் ஆண்டுகள் கடந்தன.

அதற்கான பணம் எங்கிருந்து வந்தது? 1967 இல் வெளிவந்த 'தி டர்ட்டி டஸன்', 1968 இல் வெளிவந்த 'ரோஸ்மேரிஸ் பேபி' போன்ற பெரும்படங்களில் நடித்த கூலி அங்கே போயிற்று. அவ்வேலையையும் அவர் அலட்சியமாகச் செய்தாரில்லை. முன்னதில் மரண தண்டனைக் கைதியாக நடித்ததற்கு ஆஸ்கார் பரிசுக்கே பரிந்துரைக்கப்பட்டார். 'முகங்கள்' 1968 இல் வெளிவந்து மூன்று ஆஸ்கார் பரிந்துரைகளைப் பெற்றது. அவற்றுள் ஒன்று காஸவெட்டீஸின் கதைவசனத்திற்கு; ஒன்று 'நிழல்கள்' காலத்திலிருந்தே உடனிருந்த சீமோர் காசலுக்கு; மற்றொன்று அதுவரை அலுவலகச் செயலாளராக வேலை பார்த்துவந்த லின் கார்லினுக்கு. ஜான் மார்லி வெனிஸ் விழாவில் சிறந்த நடிகர் பரிசு பெற்றார். பெரிய பெயர்கள் இல்லாத ஒரு கூட்டத்தார் பெற்ற வெற்றி இது.

விற்பனையில் வந்த சோதனை

1974 இல் வந்த 'எ உமன் அண்டர் தி இன்ஃப்ளுயன்ஸ்' என்ற படமே இவ்வரலாற்றின் நடுத்தூண். கட்டட வேலை மேஸ்திரி ஒருவருடைய மனைவி, மூன்று குழந்தைகளின் தாய், அன்பு மிகுதியாலேயே மனநிலை குலைகிறாள். அப்பாத்திரம் ஜீனா ரோலண்ட்ஸுக்கென்றே எழுதப்பட்டது. முதலில் நாடகமாக எழுதினாராம். அதனை ஒவ்வோர் இரவும் மேடையில் நடித்தால் உடலும் மனமும் தாங்கா என்று அம்மையார் கூறவே, படமாக மாற்றினார்.

எக்கம்பெனியும் முதல் போட முன்வரவில்லை. காஸவெட்டீஸ் தம் வீட்டை அடமானம் வைத்தார். அப்போது 'கொலம்போ' தொலைக்காட்சித் தொடரால் புகழ்பெற்றிருந்த நண்பர் பீட்டர் ஃபால்க், தம் சொந்தப் பணத்தில் 5 லட்சம் டாலர் போட்டுக் கணவனாக நடித்தும் கொடுத்தார். காஸவெட்டீஸ், ஜீனா ரோலண்ட்ஸ் இருவருடைய அன்னையரும் நடித்தனர். காஸவெட்டீஸ் அப்போது தங்கியிருந்து கற்பித்த அமெரிக்கத் திரைப்படக் கழகத்தின் மாணவர் பலர் உதவியாளராயினர்.

படம் முடிந்தது, ஆனால் வாங்குவோர் இல்லை. விநியோகஸ்தர்கள் கைவிரித்தனர். கிடங்கில் அடுக்கிய துணியைப் பார்த்துக்கொண்டு நிற்கும் சங்கச் செயலாளரின் நிலையை இங்கே எண்ணிப் பாருங்கள். தறி ஓடிற்று, நெசவு நேர்த்தி, ஆனால் சந்தைக்குப் போகும் வண்டி பிறனுடையது! அடமான வட்டியோ நிற்காது.

காஸவெட்டீஸ் தாமே விநியோகஸ்தர் ஆனார். 'ஃபேசஸ் இன்டர்நேஷனல்' என்ற பெயரில் சிறிய அமைப்பொன்றை ஏற்படுத்தி, கொட்டகைச் சொந்தக்காரர்களை ஒவ்வொருவராகத் தொலைபேசியில் அழைத்துக் கேட்டார். அவரும் நண்பர்களும் கல்லூரிகளுக்குச் சென்று படத்தைக் காட்டிப் பேசினர். 1974 இல் நியூயார்க் திரைப்பட விழாவில் படம் காட்டப்பட்டது. மெல்ல மெல்லக் கூட்டம் சேர்ந்தது. படம் லாபம் ஈட்டியது. சிறந்த இயக்குநர், சிறந்த நடிகை என்று இரண்டு ஆஸ்கார் பரிந்துரைகளும் வந்தன.

ஐந்தொகையின் மறுபக்கம்

இவ்விடத்தில் கட்டுரையை முடித்தால் நன்றாகத்தான் இருக்கும். ஆனால் வரவை மட்டும் காட்டிப் பற்றை மறைக்கும் ஐந்தொகை எமக்குப் பழக்கமில்லை.

வந்த லாபத்தையும் வெற்றி தந்த துணிவையும் அடுத்த இரு படங்களில் இறக்கினார். 1976 இல் வந்த 'தி கில்லிங் ஆஃப் எ சைனீஸ் புக்கி' சில நாட்களிலேயே கொட்டகைகளை விட்டு நீங்கியது. 1978 இல் அதனைச் சுருக்கி மறுபடி வெளியிட்டும் பயனில்லை. 1977 இல் எடுத்த 'ஓபனிங் நைட்' படத்தில் நடித்ததற்காக ஜீனா ரோலண்ட்ஸ் 1978 இல் பெர்லின் விழாவில் வெள்ளிக் கரடிப் பரிசு பெற்றார். ஆனால் சொந்த நாட்டில் அப்போது அதனைக் கண்டவர் மிகச் சிலரே. ஒரு நல்ல அறுவடை தந்த துணிவில் நிலம் முழுவதையும் ஒரே பயிருக்கு விட்டது போலாயிற்று. சேம நிதி என்று ஒன்று இல்லை. நட்டத்தைத் தாங்க வீடும் நடிப்புக் கூலியுமன்றி வேறில்லை. நண்பர்கள் லாபத்திற்குப் பங்காளிகள். கடனுக்கோ பெரும்பாலும் அவர் ஒருவரே பொறுப்பு. இக்கணக்கை எந்தத் தணிக்கையாளரும் குறிப்பெழுதாமல் விடமாட்டார்.

ஆகவே மீண்டும் கம்பெனிக்கு இயக்கினார். 1980 இல் எடுத்த 'குளோரியா' வெனிஸில் தங்கச் சிங்கப் பரிசை வேறொரு படத்துடன் பகிர்ந்து பெற்றது. 1984 இல் தம் வீட்டிலேயே எடுத்த 'லவ் ஸ்ட்ரீம்ஸ்' பெர்லினில் தங்கக் கரடிப் பரிசு பெற்றது. அதில் அவரும் மனைவியும் உடன்பிறப்புகளாக நடித்தனர். நீண்ட நாள் மதுப் பழக்கத்தால் ஈரல் கெட்டிருந்தது. 1989 பிப்ரவரி 3 ஆம் தேதி, 59 வயதில் காலமானார்.

எஞ்சி நின்றது

அவருடைய பிள்ளைகள் மூவரும் படம் எடுக்கும் தொழிலையே மேற்கொண்டனர். ஜீனா ரோலண்ட்ஸுக்கு 2015 இல் கௌரவ ஆஸ்கார் வழங்கப்பட்டது. 2024 ஆகஸ்டில் 94 வயதில் அவர் மறைந்தார். அமெரிக்க அரசின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் 1990 இல் மேஸ்திரி மனைவியின் கதையும், 1993 இல் 'நிழல்கள்' படமும், 2011 இல் 'முகங்கள்' படமும் சேர்க்கப்பட்டன. சிறு செலவில் எடுக்கப்படும் சிறந்த படத்திற்கு அவர் பெயரால் ஆண்டுதோறும் ஒரு பரிசு வழங்கப்பட்டு வருகிறது.

செய்பொருள் தம்முடையதாக இருக்க வேண்டுமென்று விரும்பியவர், அதற்காக வீட்டையும் உடலுழைப்பையும் பணயம் வைத்தார். செய்வது பாதி வேலையே, விற்பது மறுபாதி என்பதை 1974 இல் கற்றார். அம்மறுபாதிக்கு ஒரு மனிதரின் தோள் போதாது என்பதை அடுத்த மூன்றாண்டுகள் கற்பித்தன. முதற்பாடத்தை மெச்சுவோர் இரண்டாவதையும் மறக்கலாகாது.

இறுதியாக ஒன்று. வானொலியைக் கேட்டு ஒரு டாலர் அனுப்பியவர்களுக்குப் பங்குப் பத்திரம் இல்லை, வட்டி இல்லை, ஈவுத் தொகையும் இல்லை. ஆனால் 'நிழல்கள்' படத்தின் தொடக்கத்தில், இதனை வழங்குவோர் ஜீன் ஷெப்பர்டின் இரவு மக்கள் என்று எழுதியிருக்கிறது. தூக்கம் வராமல் வானொலி கேட்டுக்கொண்டிருந்த முகமறியாத அம்மக்களின் பெயரே படத்தின் தலைப்பில் நிற்கிறது. அந்த ஒரு வரியைப் படித்த பின்னரே, இவரைப் பற்றி நம் பத்திரிகையில் எழுதலாம் என்ற துணிவு எமக்கு வந்தது.