கடல் எழுதிய நூல்கள் – 9: ராகேல் கப்பல் கேட்ட உதவி

ஹெர்மன் மெல்விலின் 'மோபி டிக்' நாவலைப் பரிந்துரைப்பவர்கள் கூடவே ஒரு யோசனையும் சொல்லிவிடுகிறார்கள். நடுவில் வரும் திமிங்கல விவரங்களைத் தள்ளிவிட்டுப் படியுங்கள், கடைசி மூன்று நாள் வேட்டை உங்களைப் பிடித்துக்கொள்ளும் என்பார்கள். 135 அத்தியாயங்கள் கொண்ட நாவலில் 32ஆம் அத்தியாயத்திலேயே பலர் புத்தகத்தை மூடிவிடுகிறார்கள். திமிங்கலங்களை வகை பிரித்து அடுக்கும் அத்தியாயம் அது.

இந்த யோசனையை நான் ஏற்கவில்லை. நெரவியில் உட்கார்ந்து இந்த நாவலைப் படிக்கிறவன் ஏற்கவும் முடியாது. வடக்கே காரைக்கால், தெற்கே திருமலைராயன்பட்டினம், கிழக்கே கடல். இங்கே தொழில் என்று சொன்னால் கடல் தொழில்தான். வலை, கயிறு, பங்கு, பாடு என்று பேசிப் பழகிய ஊர்க்காரனுக்கு, மெல்வில் தொழிலைப் பற்றி எழுதிய பக்கங்கள்தான் கதையாகத் தெரியும்.

கதையைத் தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். ஆகாப் என்ற கப்பல் தலைவனின் காலை ஒரு வெள்ளைத் திமிங்கலம் கடித்துத் துண்டாக்கிவிடுகிறது. அதைப் பழி தீர்க்க, எண்ணெய்க்காகத் திமிங்கலம் பிடிக்கப் புறப்பட்ட பீக்வாட் என்ற கப்பலையே அவன் உலகக் கடல்களில் அலைய விடுகிறான். முடிவில் கப்பலும் ஆட்களும் மூழ்க, கதை சொல்லும் இஸ்மவேல் ஒருவன் மட்டும் பிழைக்கிறான். இதில் கற்பனை பாதிதான். எசெக்ஸ் என்ற நாண்டக்கெட் கப்பலை 1820 நவம்பர் 20 அன்று ஒரு திமிங்கலம் முட்டி மூழ்கடித்தது. மெல்விலே 1841 ஜனவரியில் அக்குஷ்நெட் என்ற வேட்டைக் கப்பலில் கூலியாளாகப் போனவர். கயிறு இழுத்த கை அவருடையது.

கூலி விஷயத்திலிருந்தே தொடங்குகிறேன். அந்தக் கப்பல்களில் மாதச் சம்பளம் கிடையாது, பங்குதான். இஸ்மவேலுக்கு 777இல் ஒரு பங்கு போதும் என்று கப்பல் முதலாளிகளில் ஒருவர் வேத வசனம் ஓதிக்கொண்டே பேரம் பேசுகிறார். கடைசியில் 300இல் ஒரு பங்கு என்று எழுதுகிறார்கள். எறியீட்டி வீசுவதில் கைதேர்ந்த அவன் நண்பன் குவீக்வெக்குக்கு 90இல் ஒரு பங்கு. நம் கரையிலும் கணக்கு இப்படித்தான் நடக்கிறது. மீன் விற்ற பணத்தில் டீசல், ஐஸ், சாப்பாட்டுச் செலவைக் கழித்து, படகுக்கும் வலைக்கும் பங்கு ஒதுக்கி, மீதியை ஆட்கள் பிரித்துக்கொள்கிறார்கள். பாடு இல்லாவிட்டால் பங்கும் இல்லை. ஒரு நாளின் நஷ்டம் படகில் ஏறிய அத்தனை வீட்டு அடுப்பிலும் தெரியும்.

பங்குக் கணக்கு தெரிந்தவனுக்கு ஆகாபின் செயல் வேறு விதமாகத் தெரிகிறது. விமர்சகர்கள் அவனைக் கடவுளை எதிர்த்தவன், விதியோடு மோதியவன் என்றெல்லாம் எழுதியிருக்கிறார்கள். நான் முதலில் பார்ப்பது, ஊரார் பங்கைத் தன் கோபத்துக்குச் செலவழித்த ஒரு தலைவனை. மெல்விலும் இதைத் தெளிவாகவே எழுதியிருக்கிறார். 46ஆம் அத்தியாயத்தில் ஆகாப் தனக்குள் கணக்குப் போடுகிறான்: பணம் கிடைக்கும் என்ற நம்பிக்கையை அடியோடு பறித்தால் ஆட்கள் என்னைத் தூக்கி எறிவார்கள், ஆகவே அவ்வப்போது சாதாரண வேட்டையும் நடக்கட்டும் என்று. 109ஆம் அத்தியாயத்தில் எண்ணெய்ப் பீப்பாய்கள் ஒழுகுகின்றன. இறக்கிப் பார்க்க வேண்டும் என்கிறான் துணைத் தலைவன் ஸ்டார்பக். அவனை நோக்கித் துப்பாக்கியைத் தூக்குகிறான் ஆகாப்.

கயிறு பற்றிய 60ஆம் அத்தியாயத்தையும் தாண்டச் சொல்கிறார்கள். 200 பாகத்துக்கும் மேற்பட்ட நீளமுள்ள கயிற்றைத் தொட்டியில் எப்படிச் சுருட்டி வைப்பார்கள், துடுப்பு போடும் ஒவ்வொருவனையும் சுற்றி அது எப்படிப் படகின் முனைக்குப் போகும், ஈட்டி தைத்ததும் திமிங்கலம் ஓடும் வேகத்தில் ஒரு சுருள் தவறினாலும் ஆளை எப்படி இழுத்துப் போகும் என்று மெல்வில் நிறுத்தி நிதானமாகச் சொல்கிறார். கடைசி அத்தியாயத்தில் ஆகாப் எப்படிச் சாகிறான்? பறக்கும் கயிற்றின் சுருள் கழுத்தில் விழுந்து, ஒரு சத்தமும் இல்லாமல் கடலுக்குள் போகிறான். 60ஆம் அத்தியாயத்தைத் தாண்டியவனுக்கு அந்தச் சாவு வெறும் விபத்து. படித்தவனுக்கு 75 அத்தியாயங்களாகச் சுருண்டு கிடந்த கயிறு அவிழ்வது தெரியும்.

72ஆம் அத்தியாயமும் அப்படியே. கொன்ற திமிங்கலத்தின் வழுக்கும் முதுகில் குவீக்வெக் நிற்கிறான், சுற்றிலும் சுறாக்கள். அவன் இடுப்பையும் மேலே கப்பலில் நிற்கும் இஸ்மவேலின் இடுப்பையும் ஒரே கயிறு பிணைக்கிறது. அவன் விழுந்தால் இவனும் போக வேண்டும். இந்தக் காட்சியைச் சரியாக வாசித்தவர் டிரினிடாட்டைச் சேர்ந்த சி.எல்.ஆர். ஜேம்ஸ். 1952இல் அமெரிக்க அரசு அவரை எல்லிஸ் தீவில் அடைத்து வைத்திருந்தபோது எழுதி, 1953இல் வெளியிட்ட நூலில் அவர் ஆகாபைவிட மாலுமிகளின் மீதே கண் வைத்தார். பல நாடுகளிலிருந்து வந்து, ஒன்றாக உழைத்து, தங்களுடையதல்லாத ஒரு வெறிக்காகச் செத்தவர்கள் அவர்கள். டி.எச். லாரன்ஸ் 1923இல் எழுதிய கட்டுரை புகழ்பெற்றது, அழகானதும்கூட. ஆனால் கப்பலில் யார் என்ன வேலை செய்தார்கள் என்பதை எனக்குக் காட்டியது ஜேம்ஸின் நூல்தான்.

நம்மைத் தொடும் இடங்களும் நாவலில் உண்டு. 89ஆம் அத்தியாயத்தில் ஒரு வேட்டைச் சட்டம் வருகிறது: கயிறு கட்டிய திமிங்கலம் கட்டியவனுக்கு, கட்டவிழ்ந்தது முதலில் பிடிப்பவனுக்கு. இந்தச் சட்டத்தை அப்படியே நாடுகளின் மேல் வைத்துப் பார்க்கும் மெல்வில், இங்கிலாந்துக்கு இந்தியா யார் என்றும் கேட்கிறார். 1851இல் ஓர் அமெரிக்கர் கேட்ட கேள்வி இது. 1739இல் பிரெஞ்சுக்காரர் கைக்குப் போய் 1954இல் விடுபட்ட காரைக்கால்காரர்கள் அந்தப் பக்கத்தை வேகமாகப் புரட்ட முடியாது.

82ஆம் அத்தியாயத்தில் மச்ச அவதாரம் வருகிறது. கடலடியில் கிடந்த வேதத்தை மீட்க மீனாக இறங்கிய திருமாலைத் திமிங்கலக்காரர்களின் கூட்டத்தில் சேர்த்துக்கொள்கிறார் மெல்வில். இந்தியாவுக்கு வந்திராத மனிதர். இந்த உறவை நம் கரை தன் வழியில் ஏற்கெனவே கொண்டாடிவருகிறது. மாசி மகத்தன்று திருக்கண்ணபுரம் சௌரிராஜப் பெருமாள் தீர்த்தவாரிக்காகத் திருமலைராயன்பட்டினம் கடற்கரைக்கு எழுந்தருளுவார். மீனவர் குலத்துப் பெண்ணான பத்மினியை மணந்தவர் என்பதால், கடலோர மக்கள் அவரை மாப்பிள்ளை என்று சொல்லி வரவேற்கிறார்கள்.

இன்னும் பழைய ஒன்றும் உண்டு. காவிரிப்பூம்பட்டினத்தைப் பாடும் பட்டினப்பாலையில், பரதவர் முழுநிலா நாளில் கடலுக்குப் போகாமல் சுறாவின் கொம்பை நட்டுத் தெய்வமாக வணங்குகிறார்கள். கொல்லும் உயிரையே கும்பிடும் தொழில் அது. 113ஆம் அத்தியாயத்தில் ஆகாபும் ஒரு சடங்கு செய்கிறான். வெள்ளைத் திமிங்கலத்துக்கென்று அடித்த ஈட்டியை மூன்று எறியாளர்களின் இரத்தத்தில் நனைத்து, சாத்தானின் பெயரால் ஞானஸ்நானம் கொடுக்கிறான். இரண்டையும் அடுத்தடுத்துப் படித்தால், கடல் தொழிலின் எல்லையை அவன் எங்கே தாண்டினான் என்பது விளங்கும்.

ஆனாலும் அவன் செய்த பெரிய குற்றம் அது என்று நான் சொல்லமாட்டேன். அந்தப் பெரிய குற்றம் 128ஆம் அத்தியாயத்தில் நடக்கிறது.

பீக்வாட்டுக்கு எதிரே ராகேல் என்ற கப்பல் வருகிறது. முதல் நாள் வேட்டையில் அதன் படகு ஒன்று காணாமல் போய்விட்டது. அதில் இருந்தவர்களில் ஒருவன் தலைவன் கார்டினரின் மகன், 12 வயதுப் பையன். இரண்டு கப்பலும் சேர்ந்து தேடினால் கடலை அகலமாக அலசலாம். 48 மணி நேரம் உங்கள் கப்பலைக் கொடுங்கள், வாடகை தருகிறேன் என்று மன்றாடுகிறார் கார்டினர். ஆகாபுக்கும் சின்ன மகன் இருக்கிறான் என்பதையும் நினைவுபடுத்துகிறார். எனக்கு நேரம் போகிறது என்று ஆகாப் மறுத்துவிடுகிறான்.

நம் கரையில் யாரிடம் வேண்டுமானாலும் கேட்டுப் பாருங்கள். திரும்ப வேண்டிய படகு திரும்பவில்லை என்றால் ஊர் கூடும், மற்ற படகுகள் வலையை இறக்கிவிட்டுத் தேடப் போகும். பாடு போனால் போகட்டும் என்பார்கள். 2017 நவம்பர் இறுதியில் ஒக்கிப் புயல் அடித்தபோது, குமரிக் கரை மீனவர்கள் தங்கள் சொந்தப் படகுகளிலேயே தேடப் போனார்கள். பகை இருந்தாலும் கடலில் தத்தளிப்பவனை விட்டுவிட்டு வருவது இந்தத் தொழிலில் மன்னிப்பில்லாத காரியம். தமிழ்ப் புனைவும் இதை அறியும். ஜோ டி குரூஸின் 'ஆழி சூழ் உலகு' (2004) நாவலில், கட்டுமரத்தை இழந்து கடலில் மிதக்கும் மூன்று பேரில் மூத்தவர்கள் இருவர் இளையவன் பிழைப்பதற்காகத் தங்களையே விட்டுக்கொடுக்கிறார்கள். ஆகாப் நிற்கும் இடத்துக்கு நேர் எதிரான இடம் அது. மெல்விலையும் டி குரூஸையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து நம் விமர்சகர்கள் விரிவாக எழுத வேண்டும்.

நம் கடல் நாவல்களுக்கும் மெல்விலுக்கு நேர்ந்ததே நேர்கிறது. தகவல் அதிகம், வழக்குச் சொல் புரியவில்லை, தொழில் விவரம் கதையை நிறுத்துகிறது என்கிறார்கள். வண்ணநிலவனின் 'கடல்புரத்தில்' (1977) நாவலில் வல்லத்துக்கும் லாஞ்சுக்கும் நடக்கும் சண்டையைப் பின்னணி என்று ஒதுக்கிவிட்டால், அந்த மனிதர்களின் துயரம் எங்கிருந்து வந்தது என்றே தெரியாமல் போகும். மெல்வில் தம் வாழ்நாளில் இந்த நாவலால் பெரிதாக எதுவும் சம்பாதிக்கவில்லை. நியூயார்க் சுங்கத் துறையில் 19 ஆண்டுகள் ஆய்வாளராக உழைத்து, 1891இல் ஏறக்குறைய மறக்கப்பட்டவராகவே இறந்தார். 1920களில்தான் உலகம் அவரிடம் திரும்பி வந்தது.

இஸ்மவேல் எப்படிப் பிழைத்தான் என்பதைச் சொல்லி முடிக்கிறேன். குவீக்வெக்குக்காகச் செய்த சவப்பெட்டி, மூழ்கிய கப்பலிலிருந்து மிதந்து மேலே வருகிறது. அதைப் பிடித்துக்கொண்டு ஒரு பகலும் ஓர் இரவும் கடலில் கிடக்கிறான். இரண்டாம் நாள் ஒரு கப்பல் வந்து தூக்குகிறது. ஆகாப் உதவ மறுத்த அதே ராகேல், தன் பிள்ளைகளைத் தேடுவதை நிறுத்தாமல் சுற்றிக்கொண்டிருந்த கப்பல். 1851 அக்டோபரில் லண்டனில் வெளிவந்த முதல் பதிப்பில் இந்தப் பின்னுரை விடுபட்டுப்போனது. எல்லோரும் செத்த பிறகு கதையைச் சொல்வது யார் என்று அங்கே சில விமர்சகர்கள் மெல்விலைக் குறை சொன்னார்கள். ஆகவே வாசகர்களே, இந்த நாவலை முழுப் பதிப்பில் படியுங்கள். நேரம் இல்லையென்றால் கடைசி வேட்டையைக்கூடத் தள்ளி வையுங்கள், 60, 72, 128 ஆகிய மூன்று அத்தியாயங்களையும் பின்னுரையையும் விட்டுவிடாதீர்கள்.

(தொடரும்)