உங்களுக்கு நீங்களே எத்தனை மார்க் போடுவீர்கள்?

மத்தியானச் சாப்பாடு முடிந்து, பாத்திரமெல்லாம் கழுவிக் கவிழ்த்தாகிவிட்டதா? அப்படியானால் ஒரு காகிதமும் பென்சிலும் எடுத்துக் கொள்ளுங்கள். குழந்தையின் பள்ளிக்கூட நோட்டிலிருந்து ஒரு தாள் கிழித்தாலும் பாதகமில்லை. கேட்டால், "பத்திரிகையில் எழுதச் சொன்னார்கள்" என்று என் தலையில் பழியைப் போட்டுவிடுங்கள்.

காகிதத்தின் தலைப்பில் 'நான் யார்?' என்று எழுதுங்கள். பயப்பட வேண்டாம். திருவண்ணாமலையில் ரமண மகரிஷி கேட்டுக் கொள்ளச் சொன்ன அதே கேள்விதான். ஆனால் நாம் அவ்வளவு ஆழத்துக்குப் போகப் போவதில்லை. கீழே 1 முதல் 20 வரை எண் போட்டு, ஒவ்வோர் எண்ணுக்கும் ஒரு பதில் எழுத வேண்டும். மனசில் தோன்றுகிற வரிசையிலேயே, வேகமாக எழுத வேண்டும். யாரோ படிக்கப் போகிறார்கள் என்று நினைக்காமல் உங்களுக்கு நீங்களே சொல்லிக் கொள்வது போல எழுத வேண்டும். மொத்தம் 12 நிமிஷம்தான் கெடு.

எழுதியாகிவிட்டதா? இருபதும் எழுத முடியாமல் பாதியில் நின்றுவிட்டால் வெட்கப்படாதீர்கள். 1954-ஆம் வருஷம் அமெரிக்காவில் அயோவா சர்வகலாசாலையைச் சேர்ந்த மான்ஃபோர்ட் கூன், தாமஸ் மக்பார்ட்லண்ட் என்ற இருவர், தங்கள் மாணவ மாணவிகள் 288 பேரிடம் இதே பரீட்சையை வைத்து முடிவை வெளியிட்டார்கள். அங்கேயும் எல்லாராலும் இருபது வரி எழுத முடியவில்லை!

அவர்கள் கண்ட வேடிக்கை ஒன்று உண்டு. பெரும்பாலோர் எழுதிய முதல் வரிகள், 'நான் மாணவி', 'நான் இன்னாருடைய மகள்', 'நான் மனைவி' என்ற ரகமாக இருந்தன. ஊரார் யாரைக் கேட்டாலும் ஒப்புக் கொள்ளக் கூடிய சங்கதிகள். அதெல்லாம் தீர்ந்த பிறகுதான், 'நான் சந்தோஷமானவள்', 'எனக்குச் சாமர்த்தியம் போதாது' என்கிற இரண்டாவது ரகம் வந்தது. உங்கள் காகிதத்தைப் பாருங்கள். முதல் ரகம் எத்தனை, இரண்டாவது ரகம் எத்தனை? இன்னாருடைய தாயார், இன்னாருடைய மருமகள் என்று எழுதி முடித்த பிறகு, உங்களுக்கென்று மிஞ்சியிருப்பது என்ன? அந்த வரிகளைப் பற்றித்தான் இனிமேல் பேச்சு.

பீரங்கியும் கேள்வித்தாளும்

மனசைக் கேள்வி கேட்டு அளக்கும் யோசனை, யுத்தகளத்தை உத்தேசித்துப் பிறந்தது என்றால் நம்புவீர்களா? முதல் உலக மகாயுத்தத்தில் பீரங்கிச் சத்தத்திலேயே நிலைகுலைந்து போன சிப்பாய்கள் ஏராளம். உடம்பில் காயமே இராது. கை நடுங்கும், தூக்கம் வராது. அமெரிக்கா 1917-இல் யுத்தத்தில் இறங்கியபோது, இப்படிப்பட்டவர்களை முன்கூட்டியே கண்டுபிடிக்க வழி கேட்டது. ராபர்ட் உட்வொர்த் என்ற மனோதத்துவப் பேராசிரியர், 'ஆம்', 'இல்லை' என்று பதில் சொல்லும்படி 116 கேள்விகள் தயாரித்தார். ராத்திரி நன்றாகத் தூங்குகிறாயா என்ற தினுசில் கேள்விகள். கேள்வித்தாள் உருப்படியாகி வருவதற்குள் யுத்தமே முடிந்துவிட்டது! ஆனால் அதன் வழி வந்த கேள்வித்தாள்கள் கல்லூரிகளிலும் ஆபீஸ்களிலும் புகுந்துவிட்டன.

இதில் ஒரு சங்கடம் இல்லையா? தெர்மாமீட்டர் பொய் சொல்லாது, மனுஷர் சொல்வார்கள். "உங்களுக்குக் கோபம் வருமா?" என்று கேட்டால், உத்தியோகம் வேண்டும் என்று வந்தவர், "கோபமா? அப்படியென்றால் என்ன?" என்றுதான் எழுதுவார்.

அதற்கும் ஒரு பொறி வைத்தார்கள். 1943-இல் மின்னஸோட்டா சர்வகலாசாலையில் வெளிவந்த பெரிய பரீட்சை ஒன்றில், பொய்யைப் பிடிப்பதற்கென்றே 15 வாக்கியங்களை நடுநடுவே கலந்திருந்தார்கள். உலகத்தில் எல்லாரும் செய்கிற சின்னச் சின்னத் தப்புகளைப் பற்றிய வாக்கியங்கள் அவை. ஒன்றிரண்டை மறுத்தால் போகட்டும் என்று விடலாம். வரிசையாக எல்லாவற்றையும் 'என்னிடம் அது கிடையாது' என்று மறுக்கிறவர் ஒன்று மகானாக இருக்க வேண்டும், அல்லது தம்மை அழகுபடுத்திக் காட்டுகிறவராக இருக்க வேண்டும். மகான்கள் இந்தப் பரீட்சைக்கு அதிகமாக வருவதில்லை.

39 பேருக்கு ஒரே ஜாதகம்

பரீட்சை எழுதியவர் உண்மையே சொன்னாலும், பலன் சொல்லுகிறவர் ஏமாற்றலாம் அல்லவா? இதை வெகு அழகாக நிரூபித்தவர் பெர்ட்ரம் ஃபோரர் என்ற அமெரிக்க மனோதத்துவ நிபுணர். 1948-இல் அவர் தம் வகுப்பு மாணவர்கள் 39 பேருக்கு ஒரு குணப் பரீட்சை வைத்தார். ஒரு வாரம் கழித்து, ஒவ்வொருவர் பெயரும் போட்டு, "இதுதான் உன் குணசித்திரம்" என்று ஒரு தாளைக் கொடுத்தார். எவ்வளவு பொருத்தம் என்று 5-க்கு மார்க் போடச் சொன்னார். சராசரியாகக் கிடைத்தது 4.26! வாத்தியார் தங்கள் மனசுக்குள்ளேயே புகுந்து பார்த்துவிட்டார் என்று பிள்ளைகளுக்குப் பிரமிப்பு.

பிறகுதான் குட்டு உடைந்தது. 39 தாள்களிலும் இருந்தது ஒரே சமாசாரம். கடையில் விற்கும் ஜோசியப் புஸ்தகத்திலிருந்து பொறுக்கிய வாக்கியங்கள். சில வேளை கலகலப்பாக இருப்பீர்கள், சில வேளை ஒதுங்கியிருப்பீர்கள். வெளியே தைரியசாலி போல் தோன்றினாலும் உள்ளுக்குள் கவலைப்படுவீர்கள் என்ற மாதிரி. யாருக்குத்தான் பொருந்தாது? 1956-இல் பால் மீல் என்ற நிபுணர், பர்னம் என்ற பிரபல சர்க்கஸ் முதலாளியின் பெயரை இந்த மயக்கத்துக்குச் சூட்டினார்.

ஆகவே, கைப்பேசியில், "எந்த நிறம் பிடிக்கும்? எந்தப் பூ பிடிக்கும்?" என்று பத்துக் கேள்வி கேட்டு உங்கள் குணத்தைச் சொல்ல வந்தால், "அட, அப்படியே என்னைச் சொல்கிறதே!" என்று சொக்கிப் போகாதீர்கள். அதே பலன் பக்கத்து வீட்டு அம்மாளுக்கும் பொருந்துமா என்று கேட்டுப் பாருங்கள். பொருந்தினால், அது உங்களைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை என்று அர்த்தம்.

பத்தே வாக்கியங்கள்

நாணயமான பரீட்சையும் உண்டு. மாரிஸ் ரோசன்பர்க் என்ற சமூக சாஸ்திரி 1965-இல் வெளியிட்ட சுயமதிப்பு அளவுகோல் மிகவும் பிரசித்தம். நியூயார்க் மாகாணத்தில் 10 பள்ளிகளைச் சேர்ந்த 5,024 மாணவ மாணவிகளிடம் அதைக் கொடுத்துப் பார்த்தார். மொத்தமே 10 வாக்கியங்கள். ஐந்து, தன்னைத் தான் மதிப்பவர் ஒப்புக் கொள்ளக் கூடியவை. ஐந்து, தன்னைத் தாழ்வாக நினைப்பவர் ஒப்புக் கொள்ளக் கூடியவை. இரண்டையும் ஏன் கலந்தார்? எதைக் கேட்டாலும் 'ஆமாம், ஆமாம்' என்று தலையாட்டுகிறவர்கள் உண்டே, அவர்களுடைய ஆமாம் இரண்டு பக்கமும் சமமாக விழுந்து கழிந்து போகட்டும் என்றுதான்!

ரோசன்பர்க் சொன்ன முக்கியமான விஷயம் ஒன்று. சுயமதிப்பு உள்ளவள் என்றால், 'நான் மற்றவர்களைவிட உசத்தி' என்று நினைப்பவள் அல்ல. 'நான் போதுமானவள், எனக்கும் மதிப்பு உண்டு' என்று நினைப்பவள். குறைகள் அவளுக்கும் தெரியும். அதற்காகத் தன்னையே வெறுக்க மாட்டாள்.

வெளியே பார்த்தால் வெற்றி மேல் வெற்றியாக இருக்கும். உள்ளே இந்த எண்ணம் இராது. 1978-இல் பாலின் கிளான்ஸ், சூசன் ஐம்ஸ் என்ற இரண்டு பெண் நிபுணர்கள், படிப்பிலும் தொழிலிலும் பேர் வாங்கிய 150-க்கும் மேற்பட்ட பெண்களைப் பற்றி எழுதினார்கள். பட்டமும் பதவியும் இருந்தும், "நான் கெட்டிக்காரி அல்ல, ஏதோ அதிர்ஷ்டம். என்றைக்காவது என் சாயம் வெளுத்துவிடும்" என்று பயந்து கொண்டிருந்தவர்கள் அவர்கள். நம் வீட்டுப் பெண்ணே முதல் வகுப்பில் தேறிவிட்டு, "கேள்வித்தாள் சுலபம், அவ்வளவுதான்" என்று சொல்லும்போது அதை அடக்கம் என்று நாம் மெச்சுகிறோம். சில சமயம் அது அடக்கமாக இராது என்பதைக் கவனியுங்கள்.

நூறு சீட்டுகள்

மனசு நொந்து போனவர்களுக்கு இந்த அளவை எப்படி உதவியது என்பதற்குச் சிகாகோ சர்வகலாசாலையில் நடந்த ஆராய்ச்சி நல்ல உதாரணம். கார்ல் ரோஜர்ஸ் என்ற பிரபல மனோதத்துவ நிபுணர் அங்கே, கவலையோடு வந்தவர்களுடன் பொறுமையாகப் பேசி, அவர்கள் சொல்வதைக் காது கொடுத்துக் கேட்கும் சிகிச்சை நடத்தினார். உண்மையிலேயே குணம் ஏற்படுகிறதா என்று பார்க்க வேண்டாமா? அவருடைய சகாக்களான பட்லர், ஹெய் இருவரும் 1954-இல் அந்தக் கணக்கை வெளியிட்டார்கள்.

வந்தவர் கையில் 100 சீட்டுகள் கொடுப்பார்கள். ஒவ்வொன்றிலும் ஒரு வாக்கியம். 'இது என்னைப் போல் துளியும் இல்லை' என்பதிலிருந்து 'இது முழுக்க முழுக்க நானேதான்' என்பது வரை 9 குவியலாகப் பிரிக்க வேண்டும். பிறகு அதே சீட்டுகளைக் கலைத்து, 'நான் எப்படி இருக்க ஆசைப்படுகிறேன்' என்பதற்காக மறுபடி பிரிக்க வேண்டும். இரண்டு அடுக்கும் அச்சாக ஒத்துப் போனால் 1 என்று மார்க். ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லாவிட்டால் 0.

சிகிச்சைக்கு வந்த 25 பேருக்கு ஆரம்பத்தில் கிடைத்த சராசரி ஏறக்குறைய பூஜ்யம்! தான் இருக்கிற இருப்புக்கும் இருக்க விரும்பும் நிலைக்கும் எட்டாத தூரம். சிகிச்சை முடிந்தபோது அது 0.34 ஆக உயர்ந்தது. சரி, சிகிச்சை வேண்டாத சாதாரண மனிதர்களுக்கு எவ்வளவு? 0.58-தான். ஒன்று அல்ல! சௌக்கியமாக இருப்பவர்களுக்கும் ஆசைக்கும் அசலுக்கும் நடுவே இடைவெளி இருக்கத்தான் இருக்கிறது. அது சுத்தமாக அடைபட்டால்தான் நிம்மதி என்று நீங்கள் நினைத்திருந்தால், இன்றே அந்தக் கவலையை விட்டுவிடலாம்.

1890-லேயே வில்லியம் ஜேம்ஸ் இதை ஒரு பின்னக் கணக்காகச் சொன்னார். மேலே, நாம் சாதித்தது. கீழே, நாம் சாதிக்க வேண்டும் என்று வரித்துக் கொண்டது. வகுத்தால் வருவது சுயமதிப்பு. மேலே உள்ளதைப் பெருக்கினாலும் விடை உயரும். கீழே உள்ளதைக் குறைத்தாலும் உயரும். தீபாவளிக்குப் பத்துத் தினுசு பட்சணம் செய்தே தீருவேன் என்று சங்கல்பம் செய்து கொண்டு எட்டு செய்தவள் அழுகிறாள். நாலு போதும் என்று தொடங்கி ஐந்து செய்தவள் சிரிக்கிறாள்.

புகழ்ந்தால் மார்க் ஏறுமா?

அப்படியானால் குழந்தைகளை, "நீ ராஜா, நீ ரோஜா" என்று புகழ்ந்து கொண்டே இருந்தால் சுயமதிப்பு வளர்ந்து, படிப்பும் வந்துவிடுமே என்பீர்கள். கலிபோர்னியா மாகாணத்தில் இதற்காக 1986-இல் அரசாங்கக் குழுவே போட்டார்கள். 1990-இல் அறிக்கையும் வந்தது. ஆனால் 2003-இல் ராய் பாமைஸ்டர் முதலிய நிபுணர்கள் அதுவரை நடந்த ஆராய்ச்சிகளைச் சலித்துப் பார்த்தபோது, சுயமதிப்பு உயர்ந்ததால் படிப்பு உயர்ந்தது என்பதற்குத் தக்க ஆதாரம் கிடைக்கவில்லை. நன்றாகப் படித்ததால் மதிப்பு உயர்வதுதான் ஓரளவு நடந்திருந்தது. ஆகவே வெறும் புகழ்ச்சியைவிட, தெரியாத கணக்கைப் பக்கத்தில் உட்கார்ந்து புரியவைப்பது மேல்.

அதற்காக, விருந்தாளி முன்னால், "இது அசடு, அதுதான் சமர்த்து" என்று இரண்டு குழந்தைகளையும் நிறுத்தி மார்க் போடலாமா? கூடவே கூடாது. நாளைக்கு அந்தக் குழந்தை 'நான் யார்?' என்று இருபது வரி எழுத உட்காரும்போது, நீங்கள் சொன்ன அந்த வார்த்தை மூன்றாவது வரியில் வந்து உட்கார வேண்டுமா, யோசியுங்கள்.

நம்மை யாருக்குத் தெரியும்?

கடைசிக் கேள்வி. நம்மை நமக்கு நன்றாகத் தெரியுமா, மற்றவர்களுக்கா? சிமின் வசீர் என்ற பெண் விஞ்ஞானி 2010-இல் இதற்குப் பதில் சொன்னார். ஒருவர் தம்மைப் பற்றிச் சொன்னதையும், சிநேகிதர்கள் சொன்னதையும், அன்னியர்கள் சொன்னதையும் நேர் பரீட்சைகளோடு ஒத்துப் பார்த்தார். உள்ளே இருக்கும் கவலையையும் படபடப்பையும் அறிந்தவர் அவரவர்தான். புத்திசாலித்தனம், கற்பனைத் திறமை ஆகியவற்றைச் சரியாகச் சொன்னவர்கள் சிநேகிதர்கள்! வாயாடி என்பது மட்டும் எல்லாருக்கும் ஒரே மாதிரி தெரிந்திருந்ததாம்.

இதிலிருந்து நமக்கு இரண்டு பாடம். வீட்டில் ஒருத்தி, "எனக்கு மனசு சரியில்லை" என்றால், "உனக்கென்ன குறைச்சல்?" என்று தீர்ப்புச் சொல்லாதீர்கள், அந்த விஷயத்தில் அவள்தான் நிபுணி. அதே சமயம், "எனக்கு ஒன்றும் தெரியாது, நான் மக்கு" என்று உங்களுக்கு நீங்களே மார்க் போட்டுக் கொண்டால், அந்த மார்க்கை நம்பாதீர்கள். அதைப் போடுவதற்கு உங்களைவிட உங்கள் சிநேகிதிக்கு யோக்கியதை அதிகம்!

எழுதிய காகிதத்தைக் கிழித்துப் போட்டுவிடாதீர்கள். தேதி போட்டு மடித்து, புடவைகளுக்கு அடியில் வைத்திருங்கள். அடுத்த வருஷம் இன்னொரு காகிதத்தில் எழுதி, இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். எந்த வரிகள் நிலைத்தன, எந்த வரிகள் அன்றைய தலைவலியால் வந்தவை என்று அப்போது தெரியும். பென்சிலை மட்டும் இன்றைக்கே குழந்தையிடம் திருப்பிக் கொடுத்துவிடுங்கள்!