ஆலை கைவிட்டது, ஊர் கைகொடுத்தது: ஒரு ருமேனியச் சிறுநகர கிளப்பின் கதை

2013-ஆம் ஆண்டின் தொடக்கத்தில் ருமேனியாவின் ரும்னிகு வுல்ச்சா நகரத்தார் இரண்டு செய்திகளை அடுத்தடுத்துக் கேட்டார்கள். ஊருக்குச் சோறு போட்ட ரசாயன ஆலை கடனைக் கட்ட முடியாமல் திவால் நடவடிக்கைக்குள் போனது என்பது ஒன்று. அதே ஆலையின் பெயரைச் சட்டையில் தாங்கிய பெண்கள் ஹேண்ட்பால் அணி ஐரோப்பிய சாம்பியன்ஸ் லீக்கின் அரையிறுதியை நோக்கி முன்னேறுகிறது என்பது இன்னொன்று. அந்த அணி அரையிறுதிக்குப் போனது, தேசியப் பட்டத்தையும் வென்றது. கோடை வந்ததும் நட்சத்திர வீராங்கனைகள் திசைக்கு ஒருவராகப் பிரிந்துபோனார்கள்.

ஆறு ஆண்டுகள் கழித்து, 2019-இல், அதே ஊர் மீண்டும் தேசியப் பட்டத்தை வென்றது. இம்முறை சட்டையில் ஆலையின் பெயர் இல்லை, நகராட்சியின் பெயர் இருந்தது. ஒரு சிறுநகரத்தின் விளையாட்டை யார் தாங்க வேண்டும், எப்படித் தாங்க வேண்டும் என்ற கேள்விக்கு அந்த ஆறு ஆண்டுகளில் நிறையவே விடை கிடைக்கிறது.

வேதியியல் ஊர்

பெயரிலிருந்தே தொடங்கலாம். ‘ரும்னிகு’, ‘வுல்ச்சா’ இரண்டிலும் முதலில் வரும் உயிரொலி, நாம் ‘காற்று’ என்று சொல்லி முடிக்கும்போது வாயைக் குவிக்காமல் விடும் குற்றியலுகரத்துக்கு நெருக்கமானது. ஐரோப்பியர் பலருக்கும் வாயில் வராத அந்த ஒலி தமிழருக்கு எளிது.

கார்பாத்திய மலைகளின் தென்புற அடிவாரத்தில், ஒல்ட் ஆற்றின் கரையில் இருக்கும் இந்நகரம் வுல்ச்சா மாவட்டத்தின் தலைநகர். 2021 கணக்கெடுப்பின்படி மக்கள்தொகை சுமார் 93,000. இன்று ருமேனியாவின் தேசிய கீதமாக இருக்கும் பாடல், 1848 புரட்சியின்போது இங்குள்ள சவோய் பூங்காவில்தான் முதன்முதலாகப் பொதுவெளியில் பாடப்பட்டது என்ற பெருமை இவ்வூருக்கு உண்டு.

1966-இல் கம்யூனிஸ்ட் அரசு இங்கே ஒரு பெரிய ரசாயனத் தொழிற்கூடத்தைத் தொடங்கியது. காஸ்டிக் சோடா, பி.வி.சி. போன்றவற்றைத் தயாரித்த இந்த ஆலைதான் பின்னாளில் ‘ஒல்ட்கிம்’ ஆனது. ஊரின் விளையாட்டும் அதன் நிழலிலேயே வளர்ந்தது. கால்பந்து அணியின் பெயர் ‘கிமியா’. வேதியியல் என்று பொருள். ஹேண்ட்பால் அணியின் பெயர் ‘கிமிஸ்துல்’, அதாவது வேதியியலாளர். கிமியா 1973-இல் ருமேனியக் கோப்பையை வென்று ஐரோப்பியப் போட்டிக்கும் போனது. கிமிஸ்துல் பெண்கள் 1984-இலும் 1989-இலும் ஐரோப்பிய அளவிலான ஐ.எச்.எஃப். கோப்பையை வென்றார்கள்.

இது இந்த ஊருக்கு மட்டுமான ஏற்பாடு அல்ல. அந்தக் காலத்து ருமேனியாவில் ஒவ்வொரு கிளப்புக்கும் ஒரு பெரிய நிறுவனம் பின்னணியில் இருந்தது. புக்கரெஸ்டின் ஸ்தேவா ராணுவத்தினுடையது, தினாமோ உள்துறையினுடையது, ராபிட் ரயில்வேயினுடையது. சிறுநகரங்களில் உருக்காலையும் ரசாயன ஆலையும் சுரங்கமும் அந்த இடத்தில் இருந்தன. பயிற்சியாளருக்குச் சம்பளமும் வெளியூர்ப் பயணத்துக்குப் பேருந்தும் ஆலையின் கணக்கில் வந்தன.

எது இந்த ஹேண்ட்பால்?

தமிழ்நாட்டில் கைப்பந்து என்றால் வாலிபால். எனவே இதை ஹேண்ட்பால் என்றே வைத்துக்கொள்வோம். 40 மீட்டர் நீளமும் 20 மீட்டர் அகலமும் உள்ள உள்ளரங்கத் தளம். கோல்கீப்பரையும் சேர்த்து அணிக்கு ஏழு பேர். முப்பது நிமிடங்கள் கொண்ட இரண்டு பாதிகள். கோலுக்கு முன்னால் ஆறு மீட்டர் வளைவுக்குள் கோல்கீப்பர் தவிர வேறு யாரும் காலூன்றக் கூடாது. அதனால்தான் வீராங்கனைகள் கோட்டுக்கு வெளியிலிருந்து எம்பி, அந்தரத்தில் இருக்கும்போதே பந்தை எறிகிறார்கள். ஓர் அணி ஓர் ஆட்டத்தில் 25, 30 கோல் போடுவது சாதாரணம்.

ருமேனியாவின் ஆண்கள் அணி 1961, 1964, 1970, 1974 என நான்கு முறை உலகப் பட்டம் வென்றது. பெண்கள் 1962-இல் உள்ளரங்க உலகப் பட்டம் வென்றார்கள். பெண்களுக்கான முதல்நிலை லீக்கை ‘மலர்கள் லீக்’ என்றே நாடு அழைக்கிறது. குளிர்காலம் நீளும் சிறுநகரத்துக்கு இந்த ஆட்டம் பொருத்தமானது. ஒரு நல்ல அரங்கம் போதும். அதே அரங்கத்தில் காலையில் பள்ளிப் பிள்ளைகளும் மாலையில் வாலிபால், கூடைப்பந்து அணிகளும் பயிற்சி செய்யலாம்.

உச்சியில் ஓர் அறுந்த கயிறு

இதற்குள் ஹேண்ட்பால் அணியின் பெயரும் ஆலையின் பெயரான ஒல்ட்கிம் என்றே ஆகியிருந்தது. 2007 முதல் 2013 வரை அந்த அணி தொடர்ந்து ஏழு தேசியப் பட்டங்களை வென்றது. 2007-இல் ஐரோப்பியக் கோப்பை வெற்றியாளர்களுக்கான கோப்பையும் அதன் கைக்கு வந்தது. 2010-இல் சாம்பியன்ஸ் லீக் இறுதிப் போட்டியில் டென்மார்க்கின் விபோர்க் அணியிடம் தோற்று இரண்டாமிடம் பெற்றது. உலகின் சிறந்த ஹேண்ட்பால் வீராங்கனை விருதை நான்கு முறை பெற்ற கிறிஸ்தினா நியாகு, 2010-இல் முதல் விருதைப் பெற்றபோது இந்த அணியில்தான் ஆடிக்கொண்டிருந்தார். ஒரு லட்சம் பேருக்கும் குறைவான ஊர், கோபன்ஹேகனிலும் புடாபெஸ்டிலும் பேசப்பட்டது.

அத்தனையும் ஒரே கயிற்றில் தொங்கிக்கொண்டிருந்தன. பெரும்பான்மைப் பங்கு அரசிடம் இருந்த ஆலை, கடனில் மூழ்கிக்கொண்டிருந்தது. 2012-இல் அதைத் தனியாருக்கு விற்க நடந்த முயற்சி பாதியிலேயே முறிந்தது. 2013 ஜனவரியில் திவால் நடவடிக்கை தொடங்கியது. ஆலைத் தொழிலாளியின் சம்பளமே கேள்விக்குறியாக இருக்கும்போது ஹேண்ட்பால் அணிக்கு யார் பணம் தருவார்கள்? ஐரோப்பாவின் முதல் நான்கு அணிகளுள் ஒன்று கலைந்துபோனதற்குத் திறமைக் குறைவு காரணமல்ல, ரசிகர் குறைவும் காரணமல்ல. அதற்கு ஒரே ஒரு தாங்குதூண் மட்டும் இருந்தது, அது சாய்ந்தது. அவ்வளவுதான்.

முன்னெழுத்துகள் சொல்லும் கதை

ருமேனிய அணி ஒன்றின் பெயருக்கு முன்னால் இருக்கும் எழுத்துகளைப் படிக்கத் தெரிந்தால், அந்த கிளப்பின் பணம் எங்கிருந்து வருகிறது என்று கண்டுபிடித்துவிடலாம்.

சி.எஸ்.எம். அல்லது எஸ்.சி.எம். என்றிருந்தால் அது நகராட்சி விளையாட்டு கிளப். நகர மன்றம் தீர்மானம் போட்டு உருவாக்குவது. இதன் செலவு நகராட்சியின் வரவு செலவுத் திட்டத்தில் ஒரு வரியாக இருக்கும். பெரும்பாலும் ஒரே குடையின் கீழ்ப் பல விளையாட்டுப் பிரிவுகளை நடத்துவது இவ்வகை கிளப்தான். சி.எஸ்.எஸ். என்றால் பள்ளி விளையாட்டு கிளப். இது கல்வித்துறையைச் சேர்ந்தது. பயிற்சியாளர்களுக்கு ஆசிரியர்களைப் போல அரசு சம்பளம் தருகிறது, பிள்ளைகள் இங்கேதான் ஆட்டத்தின் அரிச்சுவடியைக் கற்கிறார்கள். சி.எஸ்.யு. பல்கலைக்கழகத்தைக் குறிக்கும். ஏ.சி.எஸ். என்றால் தனிநபர்கள் கூடிப் பதிவு செய்த, லாப நோக்கமற்ற சங்கம்.

இந்த வகைப்பாட்டுக்கு அடிப்படை, 2000-ஆம் ஆண்டின் 69-ஆம் எண் கொண்ட உடற்கல்வி, விளையாட்டுச் சட்டம். பொதுச் சட்டத்தின் கீழ் அமையும் கிளப், தனியார் சட்டத்தின் கீழ் அமையும் கிளப் என்று அது இரண்டாகப் பிரிக்கிறது. 1989-இல் கம்யூனிஸ்ட் ஆட்சி வீழ்ந்து ஆலைகள் ஒவ்வொன்றாக மூடப்பட்டபோது, கைவிடப்பட்ட அணிகளை ஏற்றுக்கொள்ளச் சிறுநகரங்களில் நகராட்சியைத் தவிரப் பெரும்பாலும் வேறு ஆள் இல்லை. சில இடங்களில் மாவட்ட மன்றம் முன்வந்தது. பிஸ்த்ரிட்சா நகரின் ‘குளோரியா 2018’ அப்படி மாவட்ட மன்றத்தின் ஆதரவில் எழுந்து சாம்பியன்ஸ் லீக் வரை போன அணி.

ரும்னிகு வுல்ச்சாவிலும் இதுவே நடந்தது. ஆலையின் பெயர் உதிர்ந்தது, நகராட்சியைக் குறிக்கும் ‘எம்’ வந்து சேர்ந்தது. இன்று எஸ்.சி.எம். ரும்னிகு வுல்ச்சா என்ற பெயரில் பெண்கள் ஹேண்ட்பாலும் கால்பந்தும் ஒரே குடையின் கீழ் நடக்கின்றன. பயிற்சியாளர் ஃப்ளோரென்டின் பெராவின் தலைமையில் 2019-இல் பட்டம் வென்று, அடுத்த பருவத்தில் மீண்டும் சாம்பியன்ஸ் லீக்கில் ஆடியது இந்த கிளப்தான்.

ஏன் ஒரே குடை?

பல விளையாட்டுகளை ஒரு கிளப் நடத்துவதில் எளிமையான ஒரு கணக்கு இருக்கிறது. கணக்காளர், மருத்துவர், பேருந்து, அரங்கம் என்று ஒவ்வொரு விளையாட்டுக்கும் தனித்தனியாகச் செலவு செய்யச் சிறுநகரத்தால் முடியாது. சேர்ந்து நடத்தினால் முடியும்.

அதைவிட முக்கியமானது பிள்ளைகளின் நலன். பத்து வயதில் கால்பந்துக்கு வந்த பையனுக்கு உண்மையில் ஓட்டத்தில் திறமை இருக்கலாம். ஒரே விளையாட்டை நடத்தும் கிளப் அவனை வீட்டுக்கு அனுப்பிவிடும். பல விளையாட்டு கிளப் அவனைப் பக்கத்துப் பயிற்சியாளரிடம் அனுப்பும். கூட்டம் சேர்க்கும் ஆட்டத்தின் புகழில், கூட்டம் சேர்க்காத ஆட்டத்தின் பிள்ளைகளுக்கும் ஒரு ஜோடி காலணியும் போட்டிக்குப் போகப் பயணச் செலவும் கிடைக்கும்.

நகராட்சிக் கயிறும் ஒற்றைக் கயிறுதான்

ஆனால் ஆலையின் இடத்தில் நகராட்சியை உட்கார வைத்ததோடு சிக்கல் தீர்ந்துவிடவில்லை. ருமேனியாவின் நிதியாண்டு ஜனவரியில் தொடங்கி டிசம்பரில் முடிகிறது. ஹேண்ட்பால் பருவமோ இலையுதிர் காலத்தில் தொடங்கி அடுத்த ஆண்டு கோடையில் முடிகிறது. ஒரே பருவம் இரண்டு பட்ஜெட்டுகளை நம்பியிருக்கிறது. மத்திய பட்ஜெட் தாமதமானால் நகராட்சியின் பட்ஜெட் தாமதமாகும். அது தாமதமானால் பருவத்தின் நெருக்கடியான மாதங்களில் வீராங்கனையின் சம்பளம் தாமதமாகும். நான்கு ஆண்டுக்கு ஒருமுறை உள்ளாட்சித் தேர்தல் வேறு. புதிய மேயருக்கு விளையாட்டில் ஆர்வம் இல்லையென்றால் கிளப்பின் பாடு திண்டாட்டம்.

இன்னொரு கேள்வியும் நியாயமானது. சாலை போடவும் பள்ளிக்குக் கூரை மாற்றவும் வேண்டிய வரிப்பணத்தில் வெளிநாட்டு வீராங்கனைக்குச் சம்பளம் தரலாமா? இதற்கு விடையாகத்தான், பொதுப்பணம் பெறும் அணிகளில் நாட்டின் தேசிய அணிக்கு ஆடத் தகுதியுள்ளவர்களுக்குக் குறிப்பிட்ட பங்கு இருக்க வேண்டும் என்ற விதியை அரசு கொண்டுவந்தது.

நகராட்சியைத் தவிர வேறு கயிறுகளும் இருக்கின்றன. ருமேனியாவில் ஒரு நிறுவனம் நன்கொடை ஆதரவாகத் தரும் தொகையை, தான் கட்ட வேண்டிய லாப வரியில் 20 விழுக்காடு வரை கழித்துக்கொள்ளலாம். சம்பளக்காரர் ஒருவர் தன் வருமான வரியில் 3.5 விழுக்காட்டைத் தனக்குப் பிடித்த லாப நோக்கமற்ற அமைப்புக்குத் திருப்பிவிடலாம். ஏ.சி.எஸ். வகைச் சிறு கிளப்புகள் இந்தப் பணத்தை ஆண்டுதோறும் பெற்றோர்களிடம் கேட்டுப் பெறுகின்றன. தனிமனிதரின் தொகை சிறியதுதான். ஆனால் நூறு குடும்பங்கள் தருவது ஒரே நாளில் நின்றுபோகாது.

ஒனெஷ்ட் தரும் எச்சரிக்கை

ரும்னிகு வுல்ச்சாவின் ஆலைக்கு ஒரு பின்கதை உண்டு. 2018 டிசம்பரில் அதன் முக்கியப் பகுதிகளை வாங்கிய கிம்கோம்ப்ளெக்ஸ் நிறுவனம், நாட்டின் கிழக்கே உள்ள ஒனெஷ்ட் என்ற இன்னொரு ரசாயனச் சிறுநகரைச் சேர்ந்தது. ஒனெஷ்ட்தான் நாடியா கொமனேச்சி பிறந்து, ஜிம்னாஸ்டிக்ஸ் கற்ற ஊர். 1976 மாண்ட்ரியல் ஒலிம்பிக்கில் 14 வயதில் ‘பத்துக்குப் பத்து’ பெற்றவர் நாடியா. அவரைக் கண்டெடுத்தது தலைநகரம் அல்ல, ஒரு தொழிற்சாலை ஊரின் பயிற்சிக்கூடம்.

2004 ஏதென்ஸில் அணித் தங்கம் வென்ற ருமேனியப் பெண்கள் ஜிம்னாஸ்டிக்ஸ், 2016 ரியோவுக்கு ஓர் அணியைக்கூட அனுப்ப முடியாத நிலைக்கு வந்தது. 1968-க்குப் பிறகு அப்படி நேர்ந்தது அதுவே முதல்முறை. 2024 பாரிஸில்தான் அணி மீண்டும் ஒலிம்பிக் மேடை ஏறியது. சிறுநகரங்களின் பயிற்சிக்கூடங்கள் வற்றினால், பதக்கமும் சில ஆண்டுகள் கழித்து வற்றும். கிணறு வற்றியது தெரிவதற்குள் ஊற்று அடைபட்டு வெகுகாலம் ஆகியிருக்கும்.

ஊர் எடுக்க வேண்டிய முடிவு

ஆலையா, நகராட்சியா என்று கேட்பது தவறான கேள்வி. இரண்டுமே தனியாக நின்றால் ஒற்றைக் கயிறுதான். நகராட்சி அரங்கத்தைத் தரட்டும், பள்ளி கிளப் பயிற்சியாளரைத் தரட்டும், உள்ளூர் நிறுவனங்களும் குடும்பங்களும் ஆளுக்குக் கொஞ்சம் தரட்டும். அப்போது ஒன்று அறுந்தாலும் மற்றவை தாங்கும்.

பணம் குறையும் ஆண்டில் எதை வெட்டுவது என்பதையும் ஊர் முன்கூட்டியே முடிவு செய்து வைக்க வேண்டும். வெட்டுவதானால் மேல்மட்ட அணியின் ஒப்பந்தங்களில் வெட்டட்டும். குழந்தைகளின் பயிற்சியில் கைவைக்கக் கூடாது. ஒரு நட்சத்திரம் போனால் அடுத்த ஆண்டு இன்னொருவரை அழைத்து வரலாம். பத்து வயதில் அரங்கத்தின் கதவு மூடியிருந்ததால் திரும்பிப்போன சிறுமியை இருபது வயதில் யாராலும் அழைத்து வர முடியாது.

ரும்னிகு வுல்ச்சா ஒருமுறை எல்லாவற்றையும் இழந்து, ஆறே ஆண்டுகளில் மீண்டது. அரங்கமும் பிள்ளைகளும் ரசிகர்களும் ஊரில் மிச்சம் இருந்ததால்தான் அது முடிந்தது. ஆலை போனாலும், மேயர் மாறினாலும், அந்த மூன்றும் இருக்கும் வரை அந்த ஊரில் ஆட்டம் நிற்காது.