அமீபாவிடம் பாடம் படித்த கிருமி

1976 ஜூலை 21 முதல் 24 வரை பிலடெல்பியாவின் பெல்வியூ-ஸ்ட்ராட்ஃபோர்ட் ஹோட்டலில் ‘அமெரிக்கன் லெஜியன்’ என்ற முன்னாள் படைவீரர் சங்கத்தின் மாநில மாநாடு நடந்தது. ஊர் திரும்பியவர்கள் ஒருவர் பின் ஒருவராகக் கடும் காய்ச்சலிலும் நிமோனியாவிலும் விழுந்தார்கள். மொத்தம் 221 பேருக்கு நோய். 34 பேர் இறந்தார்கள். அதில் சிலர் ஹோட்டலுக்குள் காலே வைக்காதவர்கள், வாசல் தெருவில் நடந்துபோனவர்கள். சங்கத்தின் பெயரே நோய்க்கும் ஒட்டிக்கொண்டது: லெஜியனேர்ஸ் நோய்.

அட்லாண்டாவிலுள்ள அரசு நோய்க் கட்டுப்பாட்டு மையம் சல்லடை போட்டுத் தேடியது. சோதனைத் தட்டுகளில் எதுவும் முளைக்கவில்லை. நிக்கல் விஷமோ என்றுகூடப் பார்த்தார்கள். இதற்குள் ஆள்வரத்து நின்று, நவம்பரில் ஹோட்டலே மூடப்பட்டது. அந்த மையத்தின் ஆய்வாளர் ஜோசப் மெக்டேட், இறந்தவர்களின் நுரையீரல் திசுவைக் கினிப் பன்றிகளுக்குச் செலுத்திச் சோதித்தபோது, கண்ணாடித் தகட்டில் ஓரிரு குச்சிக் கிருமிகள் தென்பட்டன. எங்கிருந்தோ கலந்தது என்று ஒதுக்கிவிட்டார். கிறிஸ்துமஸ் விடுமுறையில் மனசு கேட்காமல் அதே தகடுகளை மறுபடி எடுத்துப் பார்த்தார். ஓரிடத்தில் குச்சிகள் கொத்தாகக் கிடந்தன. அவற்றைக் கருவுற்ற கோழி முட்டையில் வளர்த்தார். வழக்கமாக முட்டையில் சேர்க்கும் ஆன்டிபயாட்டிக்கை இந்த முறை சேர்க்கவில்லை, அவ்வளவுதான். பிழைத்த நோயாளிகளின் ரத்தத்தில் இந்தக் கிருமிக்கான ஆன்டிபாடி இருந்தது. 1977 ஜனவரியில் செய்தி வெளியானது.

இன்னொரு வேடிக்கை. 1968-இல் மிச்சிகன் மாநிலத்தின் பாண்டியாக் நகரில், ஒரு சுகாதார அலுவலகத்தில் பெருங்கூட்டம் காய்ச்சலில் படுத்து, யாரும் சாகாமல் எழுந்த மர்மம் ஒன்று தீராமல் கிடந்தது. அப்போது எடுத்துப் பாதுகாத்த ரத்தத்தைச் சோதித்தால், அதிலும் இதே கிருமியின் தடயம்!

லெஜியனெல்லா என்று பெயர் பெற்ற இந்தக் கிருமியின் சொந்த ஊர் ஆறும் குளமும். அங்கே பாக்டீரியாவைத் தின்று வாழும் அமீபாக்கள் இதையும் விழுங்கும். ஆனால் செரிக்க முடியாது. விழுங்கிய பைக்குள் செரிமானச் சாறு வந்து சேராதபடி கிருமி தடுத்துவிடும். உள்ளேயே பெருகி, கடைசியில் அமீபாவை உடைத்துக்கொண்டு வெளியேறும். நம் நுரையீரலில் அந்நியக் கிருமிகளை விழுங்கும் காவல் செல்களும் ஏறக்குறைய இதே முறையில்தான் வேலை செய்கின்றன. அமீபாவிடம் பலித்த வித்தை இங்கும் பலிக்கிறது. நம்மைத் தாக்குவது அதற்கு நோக்கமே இல்லை என்பது என் எண்ணம். ஒருவரிடமிருந்து இன்னொருவருக்கு அது பொதுவாகப் பரவுவதில்லை, மனித உடம்பு அதற்கு முட்டுச்சந்து.

குளத்துக் கிருமியை நுரையீரல்வரை கொண்டுவந்தது நம் குழாய்கள்தான். வெதுவெதுப்பான தேங்கிய நீரும் குழாயின் உட்சுவரில் படியும் வழுவழுப்பான படலமும் அதற்குச் சொர்க்கம். 25 முதல் 45 டிகிரி செல்சியஸ் சூட்டில் செழித்து வளரும். அதன்பின் தேவை ஒன்றுதான்: நீர் நுண்துளியாகச் சிதற வேண்டும். பெரிய கட்டடங்களின் மாடியில் நிற்கும் குளிர்விப்புக் கோபுரங்கள் இதைத்தான் செய்கின்றன. ஏசி உறிஞ்சிய சூட்டை வாங்கிவந்த நீர் அங்கே சாரலாகக் கொட்டும், விசிறி காற்றை இழுத்து ஊதும், கண்ணுக்குத் தெரியாத துளிகள் தெருத்தெருவாகப் போகும். 2015-இல் நியூயார்க்கின் பிராங்க்ஸ் பகுதியில் ஒரு ஹோட்டல் கோபுரத்திலிருந்து கிளம்பிய துளிகளால் 138 பேருக்கு நோய். 16 பேர் இறந்தார்கள். 1999-இல் நெதர்லாந்தின் போவன்கார்ஸ்பல் மலர்க் கண்காட்சியில் நடந்தது இன்னும் விசித்திரம். விற்பனைக்காக வெந்நீர்க் குமிழித் தொட்டியை ஓடவிட்டு வைத்திருந்தார்கள். அதைக் கடந்து நடந்தவர்கள் நோயில் விழுந்தார்கள். இறந்தவர்கள் சுமார் 30 பேர்.

வீட்டு ஸ்பிளிட் ஏசியைப் பார்த்து மிரள வேண்டாம். அது நீரைத் தெளித்துக் குளிர்விப்பதில்லை. பூட்டிக்கிடந்த வீட்டின் ஷவரும், மிதமான சூட்டிலேயே விடப்பட்ட வெந்நீர்த் தொட்டியும்தான் கவனிக்க வேண்டியவை. தொட்டி நீர் 60 டிகிரியைத் தொட்டால் கிருமி தாக்குப்பிடிக்காது. தண்ணீரைக் குடிப்பதால் பொதுவாக நோய் வராது. புரையேறி நுரையீரலுக்குள் போனால் வரலாம்.

ஐம்பது வயதைத் தாண்டியவர்களும் புகைபிடிப்பவர்களும் நோய் எதிர்ப்பு குறைந்தவர்களும்தான் அதிகம் மாட்டிக்கொள்கிறார்கள். கிருமி செல்லுக்குள் ஒளிந்திருப்பதால் பென்சிலின் குடும்ப மருந்துகள் எட்டாது. செல்லுக்குள் நுழையும் அசித்ரோமைசினோ லெவோஃப்ளாக்சசினோ வேண்டும். சிறுநீர்ச் சோதனையில் விரைவாகத் தெரிந்துவிடும் என்றாலும், அந்தச் சோதனை முக்கியமாக ஒரே ஒரு வகையைத்தான் பிடிக்கும். ‘நெகட்டிவ்’ என்று தாள் வந்த பிறகும் சில மருத்துவர்கள் சளியையும் சோதனைக்கு அனுப்பச் சொல்வது அதனால்தான்.