பின்னின்று உந்துவோர்

மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூருக்கு ஏறும் நீலகிரி மலைப் புகைவண்டியில் ஒரு புதுமை உண்டு. பிற வண்டிகளில் எஞ்சின் முன்னே நின்று பெட்டிகளை இழுக்கும். இங்கோ அது பின்னே நின்று தள்ளுகிறது. கல்லாற்றுக்கு மேல், 12 அடி தொலைவுக்கு 1 அடி உயரும் செங்குத்தான பாதையில், தண்டவாளங்களின் நடுவே பற்களமைந்த இருப்புச் சட்டம் பதிக்கப்பட்டுள்ளது. எஞ்சினின் பற்சக்கரம் அதனைப் பற்றிக்கொண்டு ஏறுகிறது. முன்பெட்டியில் அமர்ந்தோருக்கு மலையும் காடும் புலப்படும். தம்மை மேலேற்றும் எஞ்சின் புலப்படாது. நாடகத்திலும் திரைப்படத்திலும் துணைப் பாத்திரம் ஏற்போரின் நிலையும் இத்தகையதே.

இதற்குச் சான்றாக விளங்கியவர் பெக்கி ஆஷ்கிராப்ட் என்னும் ஆங்கில நடிகையார். அவர் 1907ஆம் ஆண்டில் இலண்டனை அடுத்த கிராய்டனில் பிறந்தார். ஷேக்ஸ்பியர் நாடகங்களில் 1930இல் டெஸ்டிமோனாவாகவும், 1935இல் ஜூலியட்டாகவும் நடித்துப் புகழ் எய்தினார். மேடையில் தலைவியாகத் திகழ்ந்த அவருக்குத் திரையில் வாய்த்தவை பெரும்பாலும் சிறு பாத்திரங்களே. அவற்றையும் அவர் குறைவற நடித்தார்.

1935இல் ஆல்பிரட் ஹிட்ச்காக் இயக்கிய 'முப்பத்தொன்பது படிகள்' என்னும் படத்தில் அவர் ஓர் ஏழைக் குடியானவனின் மனைவியாகத் தோன்றினார். கொலைப்பழி சுமந்து ஓடிவரும் கதைத்தலைவனை அப்பெண் இரவில் தப்புவித்து, தன் கணவனது மேலங்கியையும் கொடுத்தனுப்புகிறாள். பின்னர் அவன் சுடப்படும்போது, அங்கிப் பையில் இருந்த பாடற்புத்தகம் குண்டைத் தடுத்து அவன் உயிரைக் காக்கிறது. அவள் திரையில் தோன்றுவது சில நிமிடங்களே. எனினும் அவளின்றிக் கதை மேற்செல்லாது.

அரை நூற்றாண்டிற்குப் பின், 1984இல், டேவிட் லீன் இயக்கிய 'எ பாசேஜ் டு இந்தியா' என்னும் படம் வெளிவந்தது. அதில் வரும் புகைவண்டிப் பயணக் காட்சிகளுக்கு நீலகிரி மலைப்பாதையே களமாயிற்று. ஆஷ்கிராப்ட் அம்மையார் அப்படத்தில் திருமதி மூர் என்னும் ஆங்கில மூதாட்டியாக நடித்தார். இந்திய மருத்துவரான அசீஸ் மீது வீண்பழி சுமத்தப்படுகிறது. ஆட்சியாளர் இனத்தைச் சேர்ந்தவராயினும், அம்மூதாட்டி அவர் குற்றமற்றவர் என்றே நம்புகிறார். வழக்கு முடியுமுன் அவர் தாயகம் திரும்பும் கப்பலில் உயிர் நீக்கிறார். ஆயினும் மக்கள் நீதிமன்றத்தின் வெளியே அவர் பெயரையே முழங்குகின்றனர். அசீஸும் விடுதலை பெறுகிறார். காட்சியில் இல்லாதபோதும் கதையில் நிலைத்து நிற்கும் பாத்திரம் அது.

இந்நடிப்பிற்காக 1985இல் சிறந்த துணை நடிகைக்கான ஆஸ்கார் விருது அவருக்கு வழங்கப்பட்டது. அப்போது அவருக்கு வயது 77. 1991இல் அவர் மறைந்தார்.

ஏற்கும் பணி சிறிதாயினும் அதனை முழுமனத்துடன் செய்வோர் பெருமை எய்துவர். முன்பெட்டியில் இருப்போர் திரும்பிப் பார்ப்பினும் பாராவிடினும், பின்னின்று உந்தும் எஞ்சின் வண்டியை மலைமேல் சேர்த்தே தீரும்.