காத்திருப்பவளின் பொழுது

மெல்லச் செல்லும் சோகப் படங்களைக் காணும் பொறுமை நம்மிற் பலருக்கு இல்லை. "ஒன்றுமே நடக்கவில்லையே" என்று குறைகூறுவர். ஒன்றும் நடவாமையே ஒருத்தியின் வாழ்க்கையானால் அதனை வேறெவ்வாறு காட்டுவது என்று நான் கேட்பதுண்டு. நேபாளத்துப் பெண்களை மனத்திற்கொண்டு அத்தகைய படங்களைப் பார்த்தால் இக்கேள்வியின் கனம் விளங்கும்.

2021ஆம் ஆண்டுக் குடிசனக் கணக்கெடுப்பின்போது அந்நாட்டவருள் 21 இலட்சத்துக்கு மேற்பட்டோர் பிறநாடுகளில் இருந்தனர். ஐவரில் நால்வர் ஆடவர். நம் அகப்பொருள் இலக்கணம் 'பொருள்வயிற் பிரிவு' என வகுத்த துயரம் இதுவே. லட்சுமி பிரசாத் தேவகோட்டா 1936இல் அளித்த 'முனா மதன்' காவியத்தின் பொருளும் அதுதான். பொருளீட்ட லாசா நகர் சென்ற மதன் வீடு திரும்பியபோது முனா உயிரோடு இல்லை.

அக்காவியத்தை அறிந்த நேபாளப் பெண்ணொருத்தி, 1955இல் வெளிவந்த சத்தியஜித் ராயின் 'பதேர் பாஞ்சாலி'யைக் கண்டால், வங்கத்துச் சர்வஜயாவை அந்நியளாக எண்ணமாட்டாள். பிழைப்புத் தேடிப் போன கணவனிடமிருந்து நெடுநாள் செய்தியில்லை. வீட்டுப் பாத்திரங்களும் விலைபோகின்றன. புயல்மழை இரவொன்றின் முடிவில் மகள் துர்க்கா மடிகிறாள். ஏதும் அறியாது திரும்பிய தந்தை, அவளுக்கென வாங்கிவந்த சேலையை எடுத்து நீட்டுகிறான். தாய் கதறுகிறாள். அக்கதறல் நம் செவிக்கு எட்டுவதில்லை. அதனிடத்தில் தார்ஷெனாய் என்னும் இசைக்கருவி ஒலிக்கிறது.

கணவனின் பயணத்தை ராய் பின்தொடரவில்லை. கமரா வீட்டிலேயே தங்கிவிடுகிறது. சென்றவனுக்குப் புதிய வழியும் ஊரும் உண்டு. இருப்பவளுக்கோ அடுப்பும் குழந்தைகளும் நீளும் பொழுதுமே உண்டு. அப்பொழுதைச் சுருக்கிக் காட்டினால் அவள் துயரையே சுருக்கியவராவோம்.

ஆயினும், நேபாளப் பெண்ணைக் காத்திருப்பவளாக மட்டும் காண்பது நீதியாகாது. நவீன் சுப்பா 2001இல் லிம்பு மொழியில் எடுத்த 'நுமாபுங்' என்னும் படத்தில், கணவனை இழந்த இளம்பெண்ணைச் செல்வன் ஒருவனுக்குப் பெற்றோர் மறுமணம் செய்விக்கின்றனர். அவள் அவ்வீட்டை விட்டு ஓடுகிறாள். வாங்கிய பரிசப்பணத்தைத் திருப்பிக்கொடுக்கவேண்டிய குடும்பம் நிலைகுலைகிறது. அவள் விடுதலைக்குப் பிறர் கொடுத்த விலையைப் படம் மறைக்கவில்லை.

இப்படங்களை மாணவர்க்குக் காட்டும் ஆசிரியர்கள் கதைச்சுருக்கத்தைக் கேளாதிருப்பாராக. "எவ்விடத்தில் உங்கள் பொறுமை போயிற்று?" என்று கேட்கட்டும். அவ்விடத்திலேதான் ஒருத்தி காத்திருந்தாள்.