பனைமரம் நல்லா நடிச்சுதுங்க!

ஈரோட்டிலிருந்து கரூர் பக்கம் போகும் சாயங்கால ரயில். எதிர் சீட்டில் ஆபீஸ் முடிந்து வரும் இரண்டு பேர். சின்னவர் கையில் செல்போன், அதில் ஒரு சினிமா விமர்சனம்.

“ஏனுங்ணா, நீங்க சூப்பர்னு சொன்ன படத்தைக் குப்பைன்னு எழுதியிருக்காங்க?”

“அவங்களுக்கென்னப்பா, ஓசி டிக்கெட்டு! நான் குடும்பத்தோட காசு குடுத்துப் பார்த்தேன். எனக்குப் புடிச்சுது. அவங்க யாரு சொல்றதுக்கு?”

அவர்கள் இறங்க வேண்டியது கொடுமுடி என்றதும் எனக்கு வாய் சும்மா இருக்கவில்லை. பின்னே? இந்தச் சண்டையில் பழைய கேஸ் ஒன்றின் கதாநாயகியே கொடுமுடிக்காரர் ஆயிற்றே! கே.பி.சுந்தராம்பாள்.

1908-ல் பிறந்தவர். நாடக மேடையில் கொடிகட்டிப் பறந்தது, கிட்டப்பாவைக் கைப்பிடித்தது, 1933-ல் அவர் மறைந்ததும் வெள்ளைப் புடவைக்கு மாறியது எல்லாம் ஊரறிந்த கதை. அந்தச் சமயத்தில்தான் அசன்தாஸ் என்ற பட அதிபர் ‘நந்தனார்’ எடுக்க வந்து நின்றார். ஆளை விரட்டுவதற்காக ஒரு லட்சம் ரூபாய் கேட்டாராம் அம்மையார். மனிதர் ‘சரி’ என்று சொல்லிவிட்டாராம்! அன்றைய குமாஸ்தா ஏழு ஜென்மம் எடுத்தாலும் கண்ணால் பார்க்காத தொகை.

1935-ல் படம் வந்தது. ஆண் வேஷத்தில், நந்தனாராகவே சுந்தராம்பாள். வேதியராக மகாராஜபுரம் விஸ்வநாதய்யர். ஆனந்த விகடனில் விமர்சனம் எழுதினார் கல்கி. நன்றாக நடித்திருப்பதாக அவர் பொறுக்கியெடுத்துப் பாராட்டியது யாரைத் தெரியுமோ? பனைமரத்தையும் எருமையையும்! சம்பளமே வாங்காத நட்சத்திரங்கள்!

இத்தோடு முடியவில்லை. கொஞ்சம் பொறுங்கள்.

1953. அதே விகடனின் அதிபர் எஸ்.எஸ்.வாசன், ஜெமினியில் ‘ஔவையார்’ எடுத்தார். ஔவையாராக சுந்தராம்பாள். புயல், மழை, யானைக் கூட்டம், இடிந்து விழும் கோட்டை... ஜனங்கள் அலைமோதினார்கள். இந்தத் தடவை கல்கியும் புகழ்ந்தார். ரசிகமணி டி.கே.சி.யும் புகழ்ந்தார்.

ஒருவருக்கு மட்டும் பிடிக்கவில்லை. அவர் அப்போதைய முதலமைச்சர், கல்கிக்கே குரு ஸ்தானத்தில் இருந்தவர். ராஜாஜி! ஆனால் மேடையில் சொல்லவில்லை. டைரியில் எழுதிக்கொண்டார். படம் மட்டம், கல்கியும் டி.கே.சி.யும் அளவுக்கு மீறிப் புகழ்ந்துவிட்டார்கள் என்று. அதோடு ஒரு தயக்கமும்: இத்தனை பணம் கொட்டி, ஔவையைப் பற்றி, சுந்தராம்பாள் நடித்து வந்த படத்தை எப்படிக் குறை சொல்வது?

பாருங்கள்... யாருக்கும் அஞ்சாதவர் என்று பெயரெடுத்தவருக்கே இந்தக் கதி!

“அப்ப யாருங்க சொன்னது கரெக்ட்டு?” என்றார் பெரியவர்.

எல்லாரும்தான். ராஜாஜி பார்த்தது படத்தை. கொட்டகைக்கு வந்த கூட்டம் பார்த்தது சுந்தராம்பாளை. மைக் இல்லாத நாடகக் கொட்டகையில் கடைசி வரிசைக்கும் கேட்ட குரல் அது. சில அணா கொடுத்தால் அந்தக் குரலைப் பக்கத்தில் உட்கார்ந்து கேட்கலாம் என்றால் கோட்டை அட்டையா, கல்லா என்று எவன் பார்ப்பான்? விமர்சகர் கேட்பது, ‘இது நல்ல சினிமாவா?’ நாம் கேட்பது, ‘வாரம் பூரா மேனேஜரிடம் பட்ட பாட்டுக்கு ஒரு மூணு மணி நேரம் மறந்து இருந்தோமா?’ கேள்வியே வேறு என்னும்போது பதில் மட்டும் எப்படி ஒன்றாக இருக்கும்?

பயப்பட வேண்டியது விமர்சகர் திட்டும்போது அல்ல. அவர் டைரியில் மட்டும் எழுதிக்கொள்ளும்போதுதான். பெரிய பட்ஜெட், பெரிய ஹீரோ, எதற்கு வம்பு என்று ‘சுமார்’ படத்தை ‘சூப்பர்’ என்று எழுதினால், நட்டம் அவருக்கில்லை... நம்ம பர்சுக்கு! அவர் மனசில் பட்டதை எழுதட்டும். நாம் அதைப் படித்துவிட்டும் போய் ரசிக்கலாம். யார் தடுத்தது?

வண்டி கொடுமுடியில் நின்றது. செல்போனை மடியில் சொருகியபடி எழுந்தார் சின்னவர்.

“ஏனுங்ணா, அப்ப நாளைக்கு டிக்கெட் எடுத்துரட்டுங்களா?”

“எடுத்துரு. பார்த்துட்டு வந்து, எருமை எப்படி நடிச்சுதுன்னு மறக்காம சொல்லு!”